பானெட்டைத் தாங்கும் தண்டு

காரின் எஞ்சினைப் பற்றிப் பேசலாம். சக்கரத்தைப் பற்றிப் பேசலாம். பானெட்டைத் தூக்கிப் பிடிக்கும் ஒரு முழ நீளத் தண்டைப் பற்றிப் பேச என்ன இருக்கிறது என்று நேயர்கள் சிலர் புன்முறுவல் பூக்கக்கூடும். அது செவ்வனே பணி செய்யும்வரை அதைப் பற்றி யாரும் எண்ணுவதில்லை என்பது மெய்தான். பத்துப் பன்னிரண்டு ஆண்டு ஓடிய காரில், தை மாதத்து விடியற்காலையில், எஞ்சினுக்குள் குனிந்த தலையை நோக்கி இருபது கிலோ எஃகுத் தகடு தானாக இறங்கி வரும்போதுதான் எண்ணுகிறோம். அவ்வாறு இறங்கி வருவதற்குக் காரணம் என்ன, அதிலும் பனிக்காலத்தில் இறங்கி வருவதற்குக் காரணம் என்ன, பழுதான தண்டை அகற்றிப் புதியதைப் பொருத்துவது எப்படி என்பவற்றை இன்று சிறிது ஆராய்வோம்.

நம்மில் பலருக்குப் பழக்கமானது, பானெட்டை ஒரு வளைந்த இரும்புக் கம்பியால் தாங்கும் கார். 1983-இல் வந்து முப்பது ஆண்டுகள் நம் தெருக்களை ஆண்ட மாருதி 800-இல் அந்தக் கம்பியே இருந்தது. ஒரு கையால் பானெட்டை உயர்த்தி, மறு கையால் கம்பியை நிமிர்த்தி, அதன் நுனியை உரிய துளையில் செருகிவிட்டால் போதும். அது அசையாது நிற்கும். கோடையும் பனியும் அதற்கு ஒன்றே. அதற்கு மூப்பும் இல்லை. விலையுயர்ந்த கார்களைச் செய்தவர்களோ, உரிமையாளர் கம்பியைத் தேடிக் கையைக் கறுப்பாக்கிக் கொள்ள வேண்டாமென்று கருதி, பானெட்டைத் தாமே ஏந்தி நிற்கும் வாயுத் தண்டுகளை வைத்தார்கள். 2007 மார்ச்சில் சென்னைக்குத் தெற்கே மகிந்திரா உலக நகரில் பி.எம்.டபிள்யூ தொழிற்சாலை திறக்கப்பட்டபோது அங்கே உருவாகத் தொடங்கிய மூன்றாம் வரிசைக் கார்களில், பானெட்டின் இரு புறமும் இத்தகைய தண்டு ஒவ்வொன்று உண்டு. பானெட்டிற்குக் கம்பியே போதும் என்று விட்டுவிட்ட சிறிய கார்களிலும் பின்கதவை, அதாவது டிக்கிக் கதவை, இதே இனத்துத் தண்டுகள் தாங்குகின்றன. 2005-இல் வந்த ஸ்விஃப்ட் வைத்திருப்போர் பின்கதவைத் திறந்து பார்த்தால் இரண்டு கரிய தண்டுகள் தென்படும். ஆகவே நாம் சொல்லப்போவது செல்வர் வீட்டுக் கார்களுக்கு மட்டும் உரியதன்று.

அன்றியும், தில்லியில் பெரிய கார் இன்று செல்வர் வீட்டில் மட்டும் நிற்பதாகவும் சொல்வதற்கில்லை. டீசல் வண்டிக்கு 10 ஆண்டு, பெட்ரோல் வண்டிக்கு 15 ஆண்டு என்று தலைநகர் வட்டாரத்திற்கு விதிக்கப்பட்ட வரம்பை 2018 அக்டோபரில் உச்சநீதிமன்றம் உறுதி செய்தது. அதன்பின், அந்த வயதை நெருங்கிய பெரிய கார்கள் இங்கே மலிவாகக் கைமாறலாயின. ஒரு காலத்தில் அதிகாரிகளையும் வணிகர்களையும் சுமந்த கார், இப்போது நம்மைப் போன்றோர் குடியிருப்பின் வேப்பமரத்தடியில் நிற்கிறது. சில, வேறு மாநிலத்துப் பதிவெண் பெற்று லக்னோவிற்கும் போபாலுக்கும் போயிருக்கின்றன. அவற்றை வாங்குவோர் எஞ்சினின் ஒலியைக் கேட்கிறார்கள். டயரைத் தட்டிப் பார்க்கிறார்கள். பானெட் எதனால் நிற்கிறது என்று பார்ப்பவர் அரியர்.

மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நமக்கு முதலில் கண்ணில் படுவது இத்தண்டின் பெயர். ஆங்கிலத்தில் இதனைக் கேஸ் ஸ்ட்ரட் என்றும் கேஸ் ஸ்பிரிங் என்றும் வழங்குவர். வெறுமனே ஸ்ட்ரட் என்று கேட்டால், கடைக்காரர் முன்சக்கரத்தின்மேல் நிற்கும் கனத்த உறுப்பை எடுத்துவந்து மேசைமேல் வைப்பார். அதற்கும் அதுவே பெயர். தில்லிச் சந்தையில் இதற்கு வழங்கும் பெயர் ஷாக்கர். ‘பானெட் கா ஷாக்கர்’, ‘டிக்கி கா ஷாக்கர்’ என்றால் எல்லாருக்கும் விளங்கும். ஷாக் அப்சார்பர் என்பதன் குறுக்கமே ஷாக்கர். சொற்பொருள் நோக்கில் அது பொருந்தாப் பெயர்தான். ஷாக் அப்சார்பர் குலுக்கலை விழுங்குவது. இதுவோ பாரத்தைத் தள்ளுவது. ஆயினும் சந்தையில் செல்லுவது சந்தையின் சொல்லே. ‘வாயு உந்துதண்டு’ என்று ஓர் அலுவலகக் குறிப்பில் எழுதினால் மேலதிகாரி ஒப்பமிடக்கூடும். காஷ்மீரி கேட்டில் சொன்னால் எதிரில் நிற்பவர் நம் உடல்நலத்தைப் பற்றிக் கவலைகொள்வார். நாமும் இங்கே தண்டு என்றே சொல்லிச் செல்வோம்.

இத்தண்டின் உள்ளே இருப்பது என்ன? எஃகுக் குழாய் ஒன்று; அதன் ஒரு முனை முற்றும் அடைபட்டது. மறுமுனையில், கண்ணாடிபோல் மெருகேற்றிய ஒரு கம்பி உள்ளும் புறமும் போய்வருவதற்கு மட்டும் வழி உண்டு. அந்த வழியை ஒரு ரப்பர் சீல் இறுகப் பற்றிக் காக்கிறது. குழாயினுள் நைட்ரஜன் வாயு மிகுந்த அழுத்தத்தில் அடைக்கப்பட்டிருக்கிறது. கூடவே ஒரு சிறிதளவு எண்ணெய். நைட்ரஜனைத் தேர்ந்தது ஏனெனில், அது எஃகைத் துருப்பிடிக்கச் செய்யாது; எண்ணெயோடு கூடித் தீப்பற்றவும் செய்யாது. கம்பியின் உள்முனையில் ஒரு பிஸ்டன். அதில் நுண்ணிய துளை. துளை இருப்பதால் பிஸ்டனின் இரு பக்கத்திலும் வாயுவின் அழுத்தம் ஒன்றே. இரு பக்கமும் அழுத்தம் ஒன்றானால் கம்பி ஏன் வெளியே வரவேண்டும் என்று கேட்கலாம். ஒரு பக்கத்தில் கம்பி இடத்தை அடைத்துக்கொண்டிருக்கிறது; அந்தப் பக்கம் வாயு தள்ளுவதற்குக் கிடைக்கும் பரப்பு அவ்வளவுக்குக் குறைவு. அந்தக் குறைவே தள்ளும் விசையாக வெளிப்படுகிறது. கம்பி 8 மில்லிமீட்டர் பருமன் உடையதாயின் அதன் குறுக்குப் பரப்பு அரைச் சதுர சென்டிமீட்டர்தான். அத்துணைச் சிறிய பரப்பிலிருந்து ஏறக்குறைய 36 கிலோ எடையைத் தாங்கும் விசை வரவேண்டுமாயின், உள்ளே வாயு காற்றுமண்டல அழுத்தத்தைப்போல் எழுபது மடங்கு அழுத்தத்தில் இருத்தல் வேண்டும். கார் டயரில் நாம் அடைக்கும் காற்றோடு ஒப்பிட்டால் முப்பது மடங்கு. இந்த எண்ணை நேயர்கள் மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டுகிறோம். பின்னால் இதற்கு வேலை உண்டு.

இருபது கிலோ பானெட்டிற்கு இவ்வளவு விசை எதற்கு என்று மற்றொரு கேள்வி எழும். கிணற்று ஏற்றம் பார்த்தவர்களுக்கு விடை எளிது. பானெட்டின் எடை கீலிலிருந்து ஐம்பது சென்டிமீட்டர் தள்ளி நிற்கிறது. தண்டு தள்ளுவதோ கீலுக்கு மிக அருகில், சொல்லப்போனால் பதினைந்து சென்டிமீட்டரில். ஐம்பதுக்கும் பதினைந்துக்கும் உள்ள விகிதத்தில் விசை பெருக வேண்டும். இருபது கிலோ அறுபத்தேழாகிறது. இரு தண்டுகளுக்கும் பங்கிட்டால் ஒவ்வொன்றும் முப்பத்து மூன்று கிலோ. ஆகவேதான் குழாயின்மேல் 350 நியூட்டன், அதாவது 36 கிலோ எடைக்கு ஈடு, என்பது போன்ற எண்களைக் காண்கிறோம். கணக்கைப் பாருங்கள்: தேவை முப்பத்து மூன்று, இருப்பு முப்பத்தாறு. தண்டில் மிச்சம் என்பது மிகச் சிறிது.

இங்கேதான் பருவம் குறுக்கிடுகிறது. அடைபட்ட கலத்தினுள் இருக்கும் வாயுவின் அழுத்தம், வெப்பம் ஏறினால் ஏறும், இறங்கினால் இறங்கும். பள்ளியில் படித்த விதிதான். கலைப்பட்டம் பெற்றவர்க்கும் மறந்திராது. வெப்பத்தைப் பூச்சியத்திற்குக் கீழே 273 பாகையிலிருந்து எண்ணிவர வேண்டும் என்பது மட்டுமே அதில் சிக்கல். அவ்வாறு எண்ணினால், அறையின் வெப்பத்தில் ஒவ்வொரு 10 பாகை மாற்றத்திற்கும் அழுத்தம் மூன்றரை விழுக்காடு அளவு மாறும். தண்டின்மேல் பொறித்திருக்கும் எண் 20 பாகை செல்சியசுக்கு உரியது. 350 நியூட்டன் என்று பொறித்த தண்டு, தில்லியின் ஆனி மாதத்து 45 பாகை வெயிலில் 380 நியூட்டன் தள்ளும். அதே தண்டு, தை மாதத்து 5 பாகைக் குளிரில் 332-தான் தள்ளும். வேறுபாடு தண்டொன்றுக்கு ஐந்து கிலோ. இரண்டிற்குமாகப் பத்துக் கிலோ. புதிய தண்டிலேயே இவ்வளவு வேறுபாடு என்றால், சீல் தேய்ந்து வாயுவில் ஒரு பகுதி கசிந்துபோன பழைய தண்டின் நிலை என்ன? கோடை முழுவதும் அது தன் குறையை மறைத்துக் காட்டும். பனிக்காலத்தில் மறைக்க இயலாது.

சென்னையில் இரவுக் குளிர் 20 பாகைக்குக் கீழே இறங்குவதே அரிது. அங்கே பல ஆண்டுகள் பழுதின்றி நின்ற பானெட், உரிமையாளருக்கு மாற்றல் உத்தரவு வந்து கார் வடக்கே வந்த முதல் பனிக்காலத்திலேயே விழத் தொடங்கினால் வியப்பதற்கில்லை. தில்லித் தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்று நகையாடுவோர் உண்டு. ஒத்துக்கொள்ளாதது குளிர்.

இன்னொரு நுட்பமும் இருக்கிறது. ஏமாற்றம் நிகழ்வது பெரும்பாலும் இதனால்தான். ஓடிவந்து நின்ற காரில் எஞ்சினின் சூடு பானெட்டின் அடியில் தங்கியிருக்கும், தண்டுகளும் சூடேறியிருக்கும். பானெட்டைத் திறந்ததும் அது நன்றாக நிற்கிறது. நிற்கிறதே என்று நம்பிக் குனிகிறோம். பத்து நிமிடம், கால்மணி நேரம் ஆகிறது, தண்டுகள் மேல் குளிர்காற்று பட்டு அவை ஆறுகின்றன, அழுத்தம் இறங்குகிறது. முன்பு நின்ற பானெட் இப்போது ஓசையின்றி இறங்கத் தொடங்குகிறது. திறந்தவுடன் நின்றது என்பதால் கடைசிவரை நிற்கும் என்று கொள்ளலாகாது.

பனிக்காலத்தில்தான் பேட்டரியும் சோர்ந்துபோகிறது. பனிக்காலத்தில்தான் பானெட்டை அடிக்கடி திறக்கவும் நேர்கிறது. அலுவலகத்திற்கு நேரமாகிவிட்டது, கார் கிளம்பவில்லை, பக்கத்து வீட்டுக்காரரை அழைத்து, “சார், ஒரு கை கொடுங்கள், இதை மட்டும் பிடித்துக்கொண்டால் போதும்” என்று பானெட்டை அவர் கையில் ஒப்படைக்கிறோம். அவரும் கழுத்துத் துண்டைச் சரிசெய்துகொண்டே, “போன மாதம் நன்றாக நின்றதே, சார்?” என்று கேட்டபடி பிடித்துக்கொள்கிறார். இந்தக் காட்சி எந்தக் குடியிருப்பிலும் உண்டு. ஓரிரு வாரத்தில் பக்கத்து வீட்டுக்காரரின் இடத்திற்கு ஒரு துடைப்பக் கம்பு வந்து சேரும். பிள்ளைகள் பெரியவர்களாகிவிட்ட வீடாயின் கிரிக்கெட் மட்டை. அந்தக் கம்பு டிக்கியிலேயே நிரந்தரமாகக் குடியேறிவிடுகிறது. ஓராண்டு, ஈராண்டு அதுவே முறையாகிவிடுகிறது.

இந்தக் கம்பைப் பற்றி நம் கருத்தைச் சொல்லிவிட வேண்டும். காரின் உரிமையாளர் பானெட்டின் அடியில் தலையை நீட்டுவது ஆண்டிற்கு ஐந்தாறு முறை இருக்கலாம், அவருக்கு அந்தக் கம்பின் குணம் தெரியும், எச்சரிக்கையாகவே நீட்டுவார். அடியில் மணிக்கணக்காகக் குனிந்து நிற்பவன் பட்டறையில் வேலை செய்யும் பதினெட்டு வயது இளைஞன். அவனுக்கு அந்தக் கம்பு புதிது. ஸ்பேனரைத் திருப்பும்போது அவன் முழங்கை கம்பில் பட்டால் போதும். நாம் அருகில் இருக்க மாட்டோம். தேநீர்க் கடையில் இருப்போம். டிக்கிக் கதவின் கதையும் இதுவே. புதுதில்லி ரயில் நிலையத்தின் வாசலில், ஊருக்குப் போகும் அவசரத்தில் மூட்டைகளை இறக்கும்போது, கதவின் கீழே நிற்பவர் பெரும்பாலும் வீட்டிலுள்ள மூத்தவர்களில் ஒருவர். மாற்றுவதற்கு ஆகும் செலவு, காரின் மற்ற உறுப்புகளின் விலையை நோக்கச் சிறியது, நேரமோ அரைமணி. தள்ளிப்போடுவதற்குத் தகுந்த காரணம் நமக்குத் தோன்றவில்லை.

தண்டு தளர்ந்துவிட்டதா என்று அறிவது எளிது. வெயில் ஏறுமுன், எஞ்சின் குளிர்ந்திருக்கும்போது பானெட்டைத் திறந்து பார்க்க வேண்டும். பாதி உயரத்திற்குமேல் அது தானாக ஏறவேண்டும். நாமே கடைசிவரை தூக்கிக்கொண்டு போகவேண்டியிருந்தால் தளர்ச்சி தொடங்கிவிட்டது. உச்சியில் நிற்கும்போது விளிம்பை ஒரு விரலால் மெல்லக் கீழே அழுத்திப் பார்த்தால், நல்ல தண்டு எதிர்த்துத் தள்ளும். தளர்ந்த தண்டு இணங்கிவிடும். பளபளப்பான கம்பியில் எண்ணெய் வழிந்து அதன்மேல் புழுதி படிந்திருந்தால் சீல் போய்விட்டதென்று கொள்ளலாம்.

இனி வாங்குவது பற்றி. தில்லியில் காஷ்மீரி கேட், கொல்கத்தாவில் மல்லிக் பஜார், பெங்களூரில் ஜே.சி. சாலை என்று ஒவ்வொரு நகரிலும் இதற்கான சந்தை உண்டு. காரின் பெயரையும் ஆண்டையும் சொல்லிக் கேட்பதோடு நில்லாமல், பழைய தண்டின்மேல் பொறித்திருப்பதைப் படித்து எழுதிக்கொண்டு போவது நன்று. உறுப்பு எண் இருக்கும்; விசையின் அளவு இருக்கும், எண்ணை அடுத்து ‘என்’ என்னும் ஆங்கில எழுத்து வரும்; பலவற்றில் தயாரித்த நாளும் ஆண்டும்கூட இருக்கும். எழுத்து அழிந்திருந்தால் அளந்துகொள்ள வேண்டியதுதான். முழுதும் நீண்ட நிலையில், இரு முனைகளிலுமுள்ள குழிகளின் நடுவிலிருந்து நடுவரை ஓர் அளவு. கம்பி வெளியே நீண்டிருக்கும் அளவு மற்றொன்று. முதல் அளவை மட்டும் ஒப்பிட்டு வாங்குவோர் பலர். இரண்டாவதும் ஒத்திருக்க வேண்டும். குழாய் நீளமாகவும் கம்பி குட்டையாகவும் உள்ள தண்டைப் பொருத்தினால் திறந்த பானெட் அழகாக நிற்கும். மூடும்போது பாதியில் கம்பி முழுதும் உள்ளே போய் முட்டிக்கொள்ளும். அது தெரியாமல் அழுத்துவோமாயின் கீலோ தகடோ வளையும்.

இரு தண்டுகள் உள்ள காரில் இரண்டையும் சேர்த்தே மாற்ற வேண்டும். ஒன்று இன்னும் நன்றாகத்தானே இருக்கிறது என்ற சிக்கனம் பயன் தராது. இரண்டும் ஒரே நாளில் ஒரே வண்டியில் ஏறியவை. ஒரு பக்கம் வலுவும் மறுபக்கம் தளர்ச்சியுமாக விட்டால் பானெட் முறுக்கிக்கொள்ளும். மூடும்போது விளிம்பு கோணலாக உட்காரும். பழைய வண்டிகளைப் பிரித்து விற்கும் தில்லி மாயாபுரி, சென்னைப் புதுப்பேட்டை போன்ற இடங்களில் கதவு, கண்ணாடி, விளக்கு வாங்குவது நியாயமே. தண்டை மட்டும் அங்கே வாங்க வேண்டாம். கதவிற்கு வயது ஒரு குறையன்று. தண்டின் உயிர் ரப்பர் சீலில் இருக்கிறது. அதுவும் நம்முடையதைப் போலவே முதுமை எய்தியிருக்கும். கேஸ் நிரப்பித் தருகிறோம் என்று சொல்லும் கடைகளும் சில உண்டு. வாயு வெளியேறியது சீல் தேய்ந்ததனால். சீல் அப்படியே இருக்க, குழாயைத் துளைத்து வாயுவை நிரப்பி மறுபடி அடைத்தால் அது மீண்டும் கசியாது என்பதற்கு என்ன உறுதி? போதாக்குறைக்கு, அடைத்த இடம் எழுபது மடங்கு அழுத்தத்தைத் தாங்குமா என்பதும் கேள்வி.

வலு கூடினால் நல்லதுதானே என்று 350-க்குப் பதில் 500 வாங்குவோரையும் பார்க்கிறோம். தண்டு தள்ளுவது பானெட்டை மட்டுமன்று, கீலையும் தள்ளுகிறது. மூடிய நிலையில் நாள் முழுதும் அது தகட்டை மேல்நோக்கி உந்திக்கொண்டே இருக்கும். தகடு புடைக்கும், கீல் தளரும், பூட்டைத் திறந்த கணத்தில் பானெட் மோவாயை நோக்கிப் பாயவும் கூடும். தயாரிப்பாளர் குறித்த எண்ணே நமக்கும் எண். இதைச் சொல்லும்போது, இப்போது கரோல்பாக் கடைகளில் விற்கும் மற்றொரு பொருளும் நினைவிற்கு வருகிறது: கம்பியால் தாங்கும் சிறிய கார்களுக்குக் கம்பியை எடுத்துவிட்டு வாயுத் தண்டு பொருத்தும் தொகுதி. பார்வைக்குச் சிறப்பாக இருக்கிறது. ஆனால் அந்தக் கார்களின் பானெட் தகடு, ஒரு புள்ளியில் இடைவிடாது தள்ளும் விசையை ஏற்பதற்கென்று வலுப்படுத்தப்பட்டதன்று. மூப்பில்லாத கம்பியைக் கழற்றிவிட்டு மூப்புள்ள தண்டை வைப்பது எதற்கு என்று நமக்கு விளங்கவில்லை.

பொருத்தும் வேலைக்கு இருவர் வேண்டும். காற்று வீசாத, சமமான இடத்தில் காரை நிறுத்தி எஞ்சினை ஆறவிட வேண்டும். அணைத்த பின்னும் சில கார்களில் விசிறி தானே சுழலும். ஒருவர் பானெட்டை முழுதும் உயர்த்திப் பிடித்துக்கொள்ள வேண்டும். துணைக்கு ஒரு தடித்த மரக்கட்டையை, முனையில் துணி சுற்றி, உறுதியான இடத்தில் ஊன்றிக்கொள்வது நலம். இரும்புக் குழாயை ஊன்றலாகாது. அது வழுக்கிப் பேட்டரியின் இரு முனைகள்மேலும் விழுமாயின் பானெட் விழுவதைவிடக் கேடு பெரிது. ஒரு பக்கத்துத் தண்டைக் கழற்றும்போது மறுபக்கத்துப் பழைய தண்டு தாங்கும் என்று நம்பவும் வேண்டாம். அதை நம்ப முடியாததால்தானே இந்த வேலையில் இறங்கினோம்?

தண்டின் இரு முனைகளிலும் ஒரு குழி. காரில் ஒரு குண்டு. குண்டின்மேல் குழி கவிந்திருக்கும். தோள்மூட்டு போன்ற அமைப்பு. குழியின் கழுத்தில் ஒரு வளைந்த கம்பிக் கிளிப் இருக்கும். மெல்லிய திருப்புளியை அதன் அடியில் செலுத்திச் சிறிதே நெம்பினால் பிடி தளரும். அந்நிலையில் குழியை நேராக இழுத்தால் குண்டிலிருந்து கழன்றுவிடும். கிளிப்பை முழுதும் பிடுங்கிவிட வேண்டியதில்லை. பிடுங்கினால் அது எஞ்சினுக்குள் எங்கோ துள்ளிப் போய் ஒளிந்துகொள்ளும். கழன்றதும் குண்டைத் துடைத்துத் துரு உண்டா, ஆட்டம் உண்டா என்று பார்த்து, ஒரு துளி கிரீஸ் தடவ வேண்டும்.

புதிய தண்டை எந்தத் திசையில் வைப்பது என்பதில் பலருக்கும் ஐயம். பருத்த குழாய் மேலே, மெலிந்த கம்பி கீழே. பானெட் மூடியிருக்கும் நெடுநேரமும் உள்ளிருக்கும் எண்ணெய் கீழே வந்து சீலை நனைத்துக்கொண்டிருக்கும். நனைந்த சீல் நெடுநாள் உழைக்கும். தலைகீழாக வைத்தால் சீல் உலர்ந்து விரைவில் கசியும். கார் செய்தவரே வேறுவிதமாக அமைத்திருந்தால் அதைப் பின்பற்றுவதே முறை. புதிய தண்டைக் கையால் அழுத்திக் குறுக்கிப் பொருத்த முயல்வது வீண்; முப்பத்தாறு கிலோவை எதிர்த்து ஒரு கையால் குறி பார்க்க இயலாது. குழி குண்டிற்கு எட்டவில்லையென்றால் பானெட்டை இன்னும் ஒரு விரற்கடை உயர்த்தச் சொன்னால் தானே எட்டும். நேராக வைத்து அழுத்தினால் ‘கிளிக்’ என்ற ஒலியோடு அமரும். கிளிப் தன் இடத்தில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, குழியைப் பிடித்து ஒருமுறை இழுத்துச் சோதிக்க வேண்டும். பிறகு மறுபக்கம்.

முதன்முறை மூடும்போது விரைவு கூடாது. பாதிவரை மெல்ல இறக்கி, தண்டுகள் எங்கும் இடிக்கவில்லையென்று இரு பக்கமும் பார்த்து, அதன்பின் மூடலாம். முன்பைவிடச் சற்று அதிகமாக அழுத்த வேண்டியிருக்கும், அது குறையன்று.

பொருத்தியபின் காக்க வேண்டியது அந்தப் பளபளப்பான கம்பியை. தலைமயிர் அளவு கீறல் விழுந்தாலும், பானெட் திறந்து மூடும்தோறும் அக்கீறல் சீலை அரம்போல் அராவும். தளர்ந்த தண்டு இறங்காமலிருக்கக் கம்பியின்மேல் பிடிகுறடு மாட்டிவைக்கும் உபாயம் சில பட்டறைகளில் உண்டு. எறியப்போகும் தண்டிற்கு, அதுவும் அன்றொரு நாளைக்கு, அது பொருந்தும். புதிய தண்டின்மேல் குறட்டின் பல் படவே விடக்கூடாது. காரை டென்டிங், பெயின்டிங் வேலைக்கு விடுவோர் கம்பியின்மேல் காகிதம் சுற்றச் சொல்ல வேண்டும். தெறித்து உலர்ந்த பெயின்ட் சொட்டும் கீறலுக்குச் சமமே.

எஞ்சியிருப்பவை கழற்றிய பழைய தண்டுகள். பானெட்டைத் தாங்க வலுவில்லையே தவிர, அவற்றுள் வாயு இன்னும் பெருமளவு இருக்கிறது. முன்பு மனத்தில் இருத்திக்கொள்ளச் சொன்ன எழுபதை இங்கே நினைவு கூர்க. பனிக்காலத்தில் குடியிருப்புக் காவலர்கள் குளிர்காயக் குப்பையைக் கூட்டிக் கொளுத்துவது வழக்கம். அந்தக் குப்பையில் இத்தண்டு சேர்ந்துவிட்டால் அது வெடிக்கும். சுற்றி உட்கார்ந்திருப்போர்மேல் எஃகு பறக்கும். வெட்டுவதும், துளைப்பதும், பற்றவைப்பதும் அவ்வாறே ஆபத்தானவை. ஆதலால் அவற்றைக் குப்பைத் தொட்டியில் போடாமல், பழைய இரும்பு எடுக்கும் கபாடிக்காரரின் கையிலேயே நேரில் கொடுத்து, மற்ற இரும்போடு சேர்த்து வெட்டிவிடாதபடி, ‘இஸ்மேம் கேஸ் ஹை’ என்று அவருக்கு ஒருமுறைக்கு இருமுறை சொல்லி அனுப்ப வேண்டும்.